கண் பாப்பா ஏன் சுருங்குது, ஏன் விரியுது? எப்போ உடனே டாக்டரைப் பார்க்கணும்?

தமிழ் சினிமாவில் இந்தக் காட்சியை நீங்க நூறு முறையாவது பார்த்திருப்பீங்க. அடிபட்டவரை ஸ்ட்ரெச்சரில் தள்ளிக்கொண்டு வருவார்கள். டாக்டர் ஓடி வந்து நாடி பார்ப்பார். அடுத்து சட்டைப் பையிலிருந்து பேனா மாதிரி ஒரு டார்ச்சை எடுத்து, இமையைத் தூக்கி, கண்ணுக்குள் வெளிச்சம் அடிப்பார். பிறகு உதட்டைப் பிதுக்குவார்; வெளியே காத்திருக்கும் குடும்பம் அழ ஆரம்பிக்கும்.

அந்த ரெண்டு விநாடியில் டாக்டர் அப்படி என்ன பார்க்கிறார்? நம்ம கண் பாப்பா வெளிச்சத்துக்குச் சுருங்குதா என்று பார்க்கிறார். அது சுருங்க வேண்டுமானால் கண், நரம்பு, மூளையின் அடித்தண்டு எல்லாம் வேலை செய்ய வேண்டும். ஸ்கேன், ரத்தப் பரிசோதனை எதுவும் இல்லாமல் மூளை எப்படி இருக்கு என்று வெளியிலிருந்தே தெரிந்துகொள்ள உதவும் ஒரு சின்ன ஜன்னல் அது.

இந்த ஜன்னல் எப்படி வேலை செய்யுது, அதில் என்ன மாறினால் சும்மா விடலாம், என்ன மாறினால் ஆஸ்பத்திரிக்கு ஓடணும்... ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

முதல்ல, அது ஒரு ஓட்டை!

கண்ணின் நடுவில் கறுப்பாகத் தெரியும் வட்டத்தைத்தான் கண் பாப்பா என்கிறோம். பள்ளிப் புத்தகத்தில் 'கண் பாவை' என்று படித்திருப்பீர்கள். டாக்டர்கள் 'பியூபில்' என்பார்கள். பாவை என்றால் பொம்மை. எதிரில் இருப்பவரின் கண்ணுக்குள் உற்றுப் பார்த்தால் உங்க உருவமே குட்டிப் பொம்மை மாதிரி தெரியும் இல்லையா, அதனால் வந்த பெயர். ஆச்சர்யம் என்னவென்றால், 'பியூபில்' என்ற சொல்லின் மூலமான லத்தீன் சொல்லுக்கும் குட்டிப் பொம்மை என்றுதான் பொருள்!

ஆனால், பாப்பா என்பது தனியாக ஓர் உறுப்பு கிடையாது. அதைச் சுற்றி பழுப்பாகவோ நீலமாகவோ தெரியும் வளையத்தின் பெயர் ஐரிஸ். அந்த வளையத்தின் நடுவில் இருக்கும் ஓட்டைதான் பாப்பா. உள்ளே போகும் வெளிச்சத்தில் பெரும்பகுதி அங்கேயே உறிஞ்சப்படுவதால் அது கறுப்பாகத் தெரியுது.

நல்ல வெளிச்சத்தில் பாப்பாவின் அகலம் 2 முதல் 4 மில்லிமீட்டர். இருட்டில் 4 முதல் 8 மில்லிமீட்டர் வரை விரியும். 2 மில்லிமீட்டர் பாப்பா 8 ஆனால், ஓட்டையின் பரப்பு 16 மடங்கு பெருசாகுது. அதாவது 16 மடங்கு அதிக வெளிச்சம் உள்ளே போகும்.

சுருக்க ஒரு தசை... விரிக்க ஒரு தசை!

ஐரிஸுக்குள் ரெண்டு தசைகள் இருக்கு. ஒன்று, பாப்பாவைச் சுற்றி வளையமாக இருக்கும். சுருக்குப் பையின் கயிறு மாதிரி, இழுத்தால் ஓட்டை சின்னதாகும். இன்னொன்று சக்கரத்தின் ஆரக்கால்கள் மாதிரி நீளவாக்கில் இருக்கும். அது இழுத்தால் ஓட்டை பெருசாகும்.

சுருக்கும் தசைக்கு உத்தரவு தருவது பாராசிம்பதெடிக் நரம்பு மண்டலம். உடம்பு ஓய்வாக இருக்கும்போது கை ஓங்குவது இதுதான். இதன் இழைகள் மூளையிலிருந்து வரும் மூன்றாவது நரம்போடு சேர்ந்து கண்ணுக்கு வருது.

விரிக்கும் தசைக்கு உத்தரவு தருவது சிம்பதெடிக் நரம்பு மண்டலம். நாய் துரத்தினால் இதயம் படபடக்குதே, அதே அணி. இந்த நரம்பு வரும் வழி ரொம்பவே சுத்து வழி. மூளையில் ஆரம்பித்து, தண்டுவடத்தில் இறங்கி, நுரையீரலின் உச்சியைத் தொட்டு, கழுத்து ரத்தக் குழாயோடு சேர்ந்து மேலே ஏறி, கண்ணுக்கு வந்து சேருது. இந்த வழியை ஞாபகம் வெச்சுக்கோங்க, பின்னாடி தேவைப்படும்.

வீட்டிலேயே பார்க்கலாம்!

கண்ணாடி முன்னால் நின்று, ரெண்டு கண்ணையும் கையால் பத்து விநாடி மூடிவிட்டு, சட்டென்று திறந்து பாருங்க. பாப்பா சுருங்குவது தெரியும். வெளிச்சம் பட்ட கால் விநாடிக்குள் சுருங்க ஆரம்பித்துவிடும்.

இன்னொரு விஷயம். ஒரு கண்ணில் மட்டும் வெளிச்சம் அடித்தாலும் ரெண்டு பாப்பாவும் சேர்ந்தே சுருங்கும். காரணம், ஒரு கண்ணிலிருந்து போகும் தகவல் மூளையின் நடுப்பகுதியில் ரெண்டு பக்கத்துக்கும் பிரித்து அனுப்பப்படுது.

நம்ம ஊரில் பெரும்பாலானவர்களுக்கு ஐரிஸ் அடர் பழுப்பு. பாப்பா எங்கே முடியுது, ஐரிஸ் எங்கே ஆரம்பிக்குது என்றே சட்டென்று தெரியாது. அதனால்தான் பாப்பாவில் வரும் மாற்றங்களை நாம பல நேரம் கவனிப்பதே இல்லை. வெளிச்சத்தை நேராக அடிக்காமல், பக்கவாட்டிலிருந்து சாய்வாகக் காட்டிப் பார்த்தால் எல்லை நன்றாகத் தெரியும். மொபைல் ஃபிளாஷை நேராகக் கண்ணில் அடிக்காதீங்க, முக்கியமாகக் குழந்தைகளுக்கு.

வெளிச்சம் மட்டும்தான் காரணமா?

இல்லை. பக்கத்தில் இருக்கும் பொருளைப் பார்த்தாலும் பாப்பா சுருங்கும். மொபைலைப் படித்துக்கொண்டிருக்கும்போது சுருங்கி இருக்கும் பாப்பா, தலையை நிமிர்த்தி தூரத்து மரத்தைப் பார்த்தால் கொஞ்சம் விரியும்.

மனசும் பாப்பாவை மாற்றும். அமெரிக்க உளவியலாளர் எக்கார்ட் ஹெஸ், ஜேம்ஸ் போல்ட் ரெண்டு பேரும், பிடித்த படங்களைப் பார்க்கும்போது பாப்பா விரியுது என்று 1960-ல் எழுதினார்கள். 1964-ல், மனக்கணக்காகப் பெருக்கல் போடும்போதும் விரியுது என்று காட்டினார்கள். 1966-ல் டேனியல் கானமன், ஜாக்சன் பீட்டி ஆகியோர் எண்களை வரிசையாகச் சொல்லி ஞாபகம் வைக்கச் சொன்னார்கள். ஒவ்வோர் எண்ணாகக் கேட்கக் கேட்க பாப்பா விரிந்தது. திருப்பிச் சொல்லச் சொல்லச் சுருங்கியது. இந்த கானமன்தான் பிறகு 2002-ல் பொருளாதாரத்துக்கான நோபல் பரிசு வாங்கினார்.

வயசும் ஒரு காரணம். டீன் ஏஜில் பாப்பா பெருசாக இருக்கும். வயசாக ஆகச் சின்னதாகிக்கொண்டே போகும். மங்கலான வெளிச்சத்தில் மெனு கார்டு படிக்க தாத்தா பாட்டி சிரமப்படுவதற்கு இதுவும் ஒரு காரணம்.

ரெண்டு பாப்பாவும் வேற வேற சைஸ்ல இருந்தா?

செல்ஃபியை ஜூம் செய்து பார்த்துவிட்டு, "ஐயோ, ஒண்ணு பெருசா இருக்கே!" என்று பதறுபவர்கள் நிறைய பேர். பதறாதீங்க. நூற்றில் சுமார் 20 பேருக்கு ரெண்டு பாப்பாவுக்கும் நடுவே சின்ன வித்தியாசம் இயற்கையாகவே உண்டு. அது பெரும்பாலும் 1 மில்லிமீட்டரைத் தாண்டாது. வெளிச்சத்திலும் இருட்டிலும் வித்தியாசம் ஒரே அளவில் இருக்கும். ரெண்டு பாப்பாவும் வெளிச்சத்துக்கு நன்றாகச் சுருங்கும். இமை தொங்காது, வலி இருக்காது, பார்வை மங்காது.

டாக்டர்கள் இங்கே ஒரு எளிய கணக்கு வைத்திருக்கிறார்கள். நல்ல வெளிச்சத்தில் வித்தியாசம் அதிகமாகத் தெரிந்தால், பெரிய பாப்பாவில் சிக்கல். அதால் சுருங்க முடியலை. இருட்டில் வித்தியாசம் அதிகமாகத் தெரிந்தால், சின்ன பாப்பாவில் சிக்கல். அதால் விரிய முடியலை.

இதில் உங்க மொபைலும் உதவும். 'எப்போதிலிருந்து இப்படி இருக்கு?' என்பதுதான் டாக்டர் கேட்கும் முதல் கேள்வி. கேலரியில் பழைய போட்டோக்களை எடுத்து முகத்தை ஜூம் செய்து பாருங்க. மூன்று வருஷத்துக்கு முந்தைய கல்யாண வீட்டுப் போட்டோவிலும் அதே வித்தியாசம் இருந்தால், அது புதுசாக வந்தது கிடையாது. நரம்பியல் கண் மருத்துவர்களே நோயாளிகளிடம் பழைய போட்டோக்களைக் கேட்டு வாங்கிப் பார்ப்பதுண்டு.

உலகப் புகழ்பெற்ற உதாரணம், பிரிட்டிஷ் பாடகர் டேவிட் போவி. அவருக்கு ரெண்டு கண்ணும் ரெண்டு நிறம் என்றே பலர் நினைத்தார்கள். உண்மையில், 1962-ல் பள்ளிக்கூட நாள்களில் ஒரு பெண் விஷயமாக நடந்த சண்டையில் நண்பர் விட்ட குத்து, அவருடைய இடது கண்ணில் பட்டது. அந்தப் பாப்பா கடைசி வரை விரிந்தே இருந்துவிட்டது. கறுப்பு வட்டம் பெருசாக இருந்ததால் அந்தக் கண் வேறு நிறமாகத் தெரிந்தது. குத்தியவரும் அவரும் நண்பர்களாகவே தொடர்ந்தார்கள் என்பது தனிக்கதை.

பாப்பா பெருசாகவே இருந்தால்...

*தலையில் அடி:* பைக்கில் விழுந்து தலையில் அடிபட்டவருக்கு மண்டை ஓட்டுக்குள் ரத்தம் கசிந்தால், அழுத்தம் ஏறும். மூளையின் ஒரு பகுதி இறங்கி மூன்றாவது நரம்பை நசுக்கும். பாப்பாவைச் சுருக்கும் இழைகள் அந்த நரம்பின் மேற்பரப்பில் இருப்பதால், முதலில் அடி வாங்குவது அவைதான். விளைவு, அந்தப் பக்கப் பாப்பா விரிந்து அப்படியே நின்றுவிடும். தலைக்காயத்தின் தீவிரத்தை அளக்க 1974-லிருந்து உலகம் முழுக்கப் பயன்படும் கிளாஸ்கோ கோமா அளவுகோலோடு, பாப்பாவின் நிலையையும் சேர்த்துக் கணக்கிடும் முறை 2018-ல் வந்திருக்கிறது என்றால் இதன் முக்கியத்துவம் புரியும்.

ஆனால், ஒன்றை மறக்காதீங்க. பாப்பா விரியும் வரை காத்திருந்தால் நேரம் கடந்துவிடும். அடிபட்டவர் முதலில் நன்றாகப் பேசிக்கொண்டிருப்பார். வீட்டுக்கு வந்து, "லேசா தலை வலிக்குது, தூங்கி எழுந்தா சரியாகிடும்" என்று படுப்பார். உள்ளே ரத்தம் கசிந்துகொண்டிருக்கும். வாந்தி, ஏறிக்கொண்டே போகும் தலைவலி, எழுப்பினால் எழுந்திருக்காத தூக்கம், குழறும் பேச்சு... இதில் ஒன்று இருந்தாலும் உடனே ஆஸ்பத்திரிதான்.

*ரத்தக்குழாய் வீக்கம்:* தலையில் அடிபடாமலேயே திடீரென்று கடும் தலைவலி, ஒரு பக்க இமை தொங்குது, பாப்பா விரிஞ்சிருக்கு, பார்ப்பதெல்லாம் ரெண்டாகத் தெரியுது... மூளை ரத்தக்குழாய் ஒன்று பலூன் மாதிரி வீங்கி மூன்றாவது நரம்பை அழுத்தலாம். அது வெடிப்பதற்கு முன்னால் கண்டுபிடித்தால் உயிரைக் காப்பாற்றலாம். இதில் ஒரு மணி நேரத் தாமதமும் வேண்டாம்.

*கண் அழுத்தம்:* கண் சிவந்து, கடுமையாக வலித்து, பல்பைச் சுற்றி வானவில் வளையம் தெரிந்து, வாந்தியும் வந்தால் அது கிளாக்கோமாவின் ஒரு வகையாக இருக்கலாம். பாப்பா பாதி விரிந்த நிலையில் அசையாமல் நிற்கும். வாந்தி வருவதால், 'பித்தம்', 'ஒற்றைத் தலைவலி' என்று நினைத்து மாத்திரை போட்டுப் படுத்துவிடுகிறார்கள். சிகிச்சை தாமதமானால் அந்தக் கண்ணின் பார்வையே போய்விடலாம்.

*ஊமத்தை:* தோட்டத்தில் ஊமத்தைச் செடியைப் பிடுங்கிப் போட்டுவிட்டு, அதே கையால் கண்ணைத் தேய்த்தால் அந்தக் கண்ணின் பாப்பா விரிந்துவிடும். ஊமத்தையில் இருக்கும் அட்ரோபின், ஸ்கோபோலமைன் ரசாயனங்கள் சுருக்கும் தசையைச் செயலிழக்கச் செய்வதே காரணம். ஐரோப்பாவில் 'பெல்லடோனா' என்ற செடிக்கு இத்தாலி மொழியில் 'அழகிய பெண்' என்று பெயர் வந்ததும் இதே வேலையால்தான். பாப்பா பெருசாகத் தெரிந்தால் அழகு என்று அந்தக் காலப் பெண்கள் அதன் சாற்றைக் கண்ணில் விட்டுக்கொண்டார்கள். ரெண்டும் விஷச் செடிகள், வைத்தியம் என்று யார் சொன்னாலும் கண்ணில் விடாதீங்க.

*மருந்துகள்:* நெபுலைசர் வைக்கும்போது மாஸ்க் சரியாகப் பொருந்தாமல் மருந்துப் புகை ஒரு கண்ணில் பட்டாலும் அந்தப் பாப்பா மட்டும் விரியலாம். சில அலர்ஜி மாத்திரைகள், மனஅழுத்த மருந்துகள் ரெண்டு பாப்பாவையும் கொஞ்சம் விரிக்கும். சில போதைப் பொருள்களும் அப்படித்தான்.

*ஏடி பாப்பா:* பெரும்பாலும் 20 முதல் 40 வயதுப் பெண்களுக்கு வருவது. ஒரு பாப்பா பெருசாகி, வெளிச்சத்துக்கு ரொம்ப மெதுவாகத்தான் அசையும். முட்டியில் தட்டினால் கால் உதறாமலும் இருக்கலாம். பார்க்கப் பயமாக இருந்தாலும், பெரும்பாலும் ஆபத்து இல்லாதது. அதை முடிவு செய்ய வேண்டியவர் டாக்டர்தான்.

*கட்டுவிரியன் கடி:* இதன் விஷம் நரம்பைத் தாக்கும். இமை தொங்கும், பேச்சு குழறும், மூச்சு தடுமாறும். பாப்பா விரிந்து அசையாமலும் போகலாம். அதை மட்டும் வைத்து மூளைச்சாவு என்று முடிவுகட்டக் கூடாது என்று டாக்டர்களுக்கே எச்சரிக்கை உண்டு. செயற்கை சுவாசமும் விஷமுறிவு சிகிச்சையும் கொடுத்துப் பிழைத்தவர்கள் இருக்கிறார்கள்.

பாப்பா சின்னதாகவே இருந்தால்...

*பூச்சிமருந்து:* கிராமத்தில் சொந்தக்காரர்கள் இருப்பவர்கள் இதைக் கட்டாயம் தெரிஞ்சுக்கணும். வயலில் தெளிக்கும் ஆர்கனோபாஸ்பேட் வகை மருந்து தோல் வழியாகவோ, மூச்சு வழியாகவோ, வாய் வழியாகவோ உடலுக்குள் போனால், ரெண்டு பாப்பாவும் ஊசிமுனை அளவுக்குச் சுருங்கும். கூடவே வாயில் எச்சில் ஒழுகும், வியர்வை கொட்டும், கண்ணில் நீர் வடியும், மூச்சு திணறும். உடனே 108-க்கு போன் செய்யுங்க. மருந்து பட்ட துணியைக் கழற்றி, சோப்புப் போட்டுக் கழுவுங்க. அதைச் செய்பவர் கையுறையோ பிளாஸ்டிக் பையோ மாட்டிக்கொள்ளணும். வாந்தி எடுக்க வைக்காதீங்க. மருந்து பாட்டிலையோ, அதன் லேபிளையோ கையோடு எடுத்துட்டுப் போங்க. இதற்கு ஆஸ்பத்திரியில் கொடுக்கும் முக்கிய மருந்து எது தெரியுமா? ஊமத்தையில் இருக்கிறது என்று சொன்னோமே, அதே அட்ரோபின்தான். அளவு பார்த்து, ஊசியாக, டாக்டர் கொடுக்கும்போது அது உயிர் காக்கும்.

*ஓபியாய்டுகள்:* மார்ஃபின், ஹெராயின் வகைப் பொருள்களும் பாப்பாவை ஊசிமுனையாக்கும். ஊசிமுனைப் பாப்பா, சுயநினைவு இல்லை, மூச்சு ரொம்ப மெதுவாக இருக்கு... இந்த மூன்றும் சேர்ந்தால் அது உயிருக்கு ஆபத்தான நிலை. மூளைத்தண்டில் ரத்தக்கசிவு ஏற்பட்டாலும் இப்படி ஆகலாம்.

*ஹார்னர் சிண்ட்ரோம்:* சிம்பதெடிக் நரம்பின் சுத்து வழியை ஞாபகம் வெச்சுக்கச் சொன்னோமே, அது இங்கேதான் தேவை. அந்த வழியில் எங்கே அடைப்பு வந்தாலும் ஒரு பக்கப் பாப்பா சின்னதாகும், அந்தப் பக்க இமை லேசாக இறங்கும், முகத்தில் அந்தப் பக்கம் வியர்க்காமலும் போகலாம். சுவிட்சர்லாந்து கண் மருத்துவர் யோஹான் ஃபிரெட்ரிக் ஹார்னர் 1869-ல் விவரித்ததால் இந்தப் பெயர். நுரையீரல் உச்சியில் கட்டி இருந்தால் இப்படி வரலாம். கழுத்தைத் திடீரென முறுக்கியதிலோ, விபத்திலோ கழுத்து ரத்தக்குழாயின் உள்சுவர் கிழிந்தாலும் வரலாம். கழுத்துவலியோடு சேர்ந்து புதுசாக இப்படி வந்தால் தாமதிக்கக் கூடாது, அடுத்து பக்கவாதம் வரக்கூடும்.

*கண்ணுக்குள் அழற்சி:* கண் சிவந்து, வெளிச்சம் பார்த்தாலே கூசி வலித்து, பாப்பா சின்னதாகவோ வட்டம் கோணலாகவோ இருந்தால் ஐரிஸில் அழற்சி இருக்கலாம். 'மெட்ராஸ் ஐ' என்று நினைத்து மெடிக்கலில் நீங்களே சொட்டு மருந்து வாங்கிப் போடாதீங்க.

குழந்தை போட்டோவில் பாப்பா வெள்ளையாகத் தெரிந்தால்?

இந்தக் கட்டுரையில் ஒன்றை மட்டும் ஞாபகம் வெச்சுக்கணும் என்றால், இதை வெச்சுக்கோங்க.

ஃபிளாஷ் போட்டு எடுத்த போட்டோவில் கண் சிவப்பாகத் தெரிவது சகஜம். விழித்திரைக்குப் பின்னால் இருக்கும் ரத்தக்குழாய்களில் பட்டுத் திரும்பும் வெளிச்சம் அது. ஆனால், ஒரு கண் சிவப்பாகவும் இன்னொன்று வெள்ளையாக, பூனைக் கண் மாதிரியும் மின்னினால் கவனிக்கணும். பிறவிக் கண்புரையாக இருக்கலாம். 'ரெட்டினோபிளாஸ்டோமா' என்ற விழித்திரைப் புற்றுநோயாகவும் இருக்கலாம். இது பெரும்பாலும் 5 வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கு வருவது. சீக்கிரம் கண்டுபிடித்தால் உயிரை மட்டுமல்ல, பல நேரம் கண்ணையும் காப்பாற்றிவிடலாம். தாமதமானால் கண்ணையே எடுக்க வேண்டி வரும், மூளைக்கும் பரவலாம்.

அமெரிக்காவின் பேய்லர் பல்கலைக்கழக வேதியியல் பேராசிரியர் பிரையன் ஷாவின் மகனுக்கு, கைக்குழந்தையாக இருந்தபோதே இந்த நோய் இருப்பது தெரிந்தது. ஒரு கண்ணை எடுக்க வேண்டி வந்தது. பிறகு அவர் வீட்டிலிருந்த போட்டோக்களை ஒவ்வொன்றாகத் தேடினார். குழந்தை பிறந்து 12 நாளில் எடுத்த போட்டோவிலேயே அந்த வெள்ளை மினுக்கம் இருந்தது. யாருக்கும் அது என்னவென்று தெரியாததால் யாரும் கவனிக்கவில்லை. மற்ற பெற்றோருக்கு இது நடக்கக் கூடாது என்று, போட்டோக்களில் வெள்ளைப் பாப்பாவைத் தேடும் ஆப் ஒன்றைச் சக ஆய்வாளர்களோடு சேர்ந்து உருவாக்கினார். அது பற்றிய ஆய்வு 2019-ல் வெளியானது.

குழந்தை ஒரு குறிப்பிட்ட கோணத்தில் பார்க்கும்போது, நோய் எதுவும் இல்லாமலேயே ஒரு போட்டோவில் வெள்ளையாகத் தெரிவதும் உண்டு. அதனால் அலற வேண்டாம். ஆனால், 'அது கேமரா கோளாறு' என்று நீங்களே முடிவு செய்யவும் வேண்டாம். போட்டோவை டெலீட் செய்யாமல், குழந்தையோடு அதையும் கண் டாக்டரிடம் காட்டுங்க. மாறுகண் இருந்தாலும் காட்டுங்க. 'மாறுகண் அதிர்ஷ்டம்' என்று பெரியவர்கள் சொல்வதைக் கேட்டு வருஷக்கணக்கில் தள்ளிப்போடாதீங்க.

எப்போ உடனே ஓடணும்?

* தலையில் அடிபட்ட பிறகு பாப்பாக்களில் வித்தியாசம் தெரிந்தால்
* திடீரென ஒரு பாப்பா பெருசாகி, இமை தொங்கி, தலைவலியோ இரட்டைப் பார்வையோ இருந்தால்
* கழுத்துவலியோடு ஒரு பாப்பா சின்னதாகி, இமை இறங்கினால்
* கண் சிவந்து, கடும் வலி, பார்வை மங்கல், வாந்தி இருந்தால்
* ரெண்டு பாப்பாவும் ஊசிமுனையாகி, மயக்கமோ மூச்சுத்திணறலோ இருந்தால்
* கண்ணில் பந்து, பட்டாசு, குச்சி ஏதாவது பட்டு, பாப்பாவின் வட்டம் கோணலானால்

குழந்தையின் பாப்பா வெள்ளையாகத் தெரிந்தால் அன்றைக்கே ஓட வேண்டியதில்லை. ஆனால், அந்த வாரமே கண் டாக்டரைப் பார்த்துடுங்க.

அடிக்கடி வரும் சந்தேகங்கள்

*பாப்பா விரிந்தால் காதலா?*
பிடித்தவரைப் பார்த்தால் விரியும், உண்மைதான். ஆனால் பயந்தாலும் விரியும், கணக்குப் போட்டாலும் விரியும், லைட்டை அணைத்தாலும் விரியும். எதிரில் இருப்பவர் உங்களைப் பற்றி நினைக்கிறாரா, பில் தொகையைக் கூட்டிக்கொண்டிருக்கிறாரா என்று பாப்பாவை வைத்துச் சொல்ல முடியாது.

*பொய் சொன்னால் கண்டுபிடிக்கலாமா?*
மனசு கஷ்டப்பட்டு வேலை செய்யுது என்பதுதான் தெரியும். அது பொய்யாலா, பதற்றத்தாலா என்று தெரியாது.

*கண் பரிசோதனையில் ஏன் சொட்டு மருந்து விட்டு உட்கார வைக்கிறாங்க?*
ஓட்டை பெருசானால்தான் உள்ளே இருக்கும் விழித்திரையை முழுசாகப் பார்க்க முடியும். சர்க்கரை நோயாளிகளுக்கு இது ரொம்ப அவசியம். வழக்கமான சொட்டு மருந்தின் வேலை 4 முதல் 6 மணி நேரம் இருக்கும், சிலருக்கு அதற்கு மேலும் நீடிக்கும். அதுவரை வெளிச்சம் கூசும், மொபைல் எழுத்து மங்கலாகத் தெரியும். அன்றைக்கு பைக்கை எடுத்துட்டுப் போகாதீங்க. கூட ஒருத்தரையும், ஒரு கூலிங் கிளாஸையும் கொண்டு போங்க.

*பாப்பா லேசாகத் துடிக்கிற மாதிரி தெரியுதே?*
சீரான வெளிச்சத்திலும் பாப்பா கொஞ்சம் கொஞ்சமாகச் சுருங்கி விரிந்துகொண்டேதான் இருக்கும். அது இயல்பு.

இன்றைக்கு ராத்திரி ஒரு வேலை செய்யுங்க. வீட்டில் இருக்கும் எல்லாருடைய கண்ணையும், நல்ல வெளிச்சத்தில், கிட்டத்தில், தெளிவாக ஒரு போட்டோ எடுத்து வெச்சுக்கோங்க. நாளைக்கு யாருக்காவது, "உங்க கண்ணு எப்பவுமே இப்படித்தானா?" என்ற கேள்வி வந்தால், பதில் உங்க கையில் இருக்கும்.